திரையில் துலங்கும் துப்பு: ட்ரூ க்ரைம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் சப்டைட்டில் எழுதுபவன். கொலை, கடத்தல், காணாமல் போனவர்கள் என்று வரும் ஆவணத்தொடர்களுக்குத் தமிழ் வரி போடுவதுதான் சில வருடங்களாகப் பிழைப்பு. ஒரே காட்சியை நிறுத்தி, பின்னால் ஓட்டி, மறுபடி கேட்டு எழுதுவதால், சும்மா பார்ப்பவர் கண்ணுக்குத் தப்பும் ஒட்டுகள் எனக்குத் தெரிந்துவிடும். என் வேலை என்னவென்று சொன்னதும் ஆளாளுக்குக் கேட்பது ஏறக்குறைய இதே கேள்விகளைத்தான். நான் போலீஸும் இல்லை, வக்கீலும் இல்லை. பார்த்ததையும் படித்ததையும் வைத்துப் பதில் சொல்கிறேன்.

'ட்ரூ க்ரைம்' என்றால் எது? போலீஸ் படங்களும் அதில் சேருமா?

சேராது. நடந்த குற்றமாக இருக்க வேண்டும், பெயர்களும் வழக்கும் நிஜமாக இருக்க வேண்டும். தேடப்படுபவரின் படத்தைக் காட்டி 'பார்த்தால் சொல்லுங்கள்' என்று கேட்பது பழைய வகை. மேற்கு ஜெர்மனியில் 1967-இல் தொடங்கிய 'ஆக்டென்ட்சைஷன் எக்ஸ்ஒய்' அதற்கு முன்னோடி. பிரிட்டனின் 'க்ரைம்வாட்ச்' 1984-இலும் அமெரிக்காவின் 'அமெரிக்காஸ் மோஸ்ட் வான்டட்' 1988-இலும் வந்தன. போலீஸ் வண்டியிலேயே கேமராவை ஏற்றிக்கொண்டு போவது 1989-இன் 'காப்ஸ்' போட்ட பாதை. ஆய்வகத்தை நடுவில் வைத்து அரை மணியில் கதையை முடிப்பது தொண்ணூறுகளில் வந்த 'ஃபாரென்சிக் ஃபைல்ஸ்' பாணி. தீர்ப்பாகிவிட்ட வழக்கைக் கிளறிப் பத்து மணி நேரம் பேசுவது இப்போதைய ஸ்ட்ரீமிங் வழக்கம்.

நிஜ வழக்கை நடிகர்களை வைத்து எடுக்கும் நாடகத்தொடரையும் இதே பெயரில்தான் விற்கிறார்கள். அதில் ஒவ்வொரு வசனமும் ஒருவர் உட்கார்ந்து எழுதியது என்பது மறந்துபோகிறது. பார்த்துவிட்டு 'அவனே சொன்னானே' என்பார்கள். சொன்னது நடிகர்.

45 நிமிடத்தில் ஆளைப் பிடித்துவிடுகிறார்களே, நிஜத்தில் எவ்வளவு நாளாகும்?

பக்கத்து வீட்டுக்காரர் கண்ணெதிரே நடந்திருந்தால் அன்று மாலையே முடியலாம். இல்லையென்றால் முடியாமலே போகலாம். அமெரிக்காவில் சமீப ஆண்டுகளில் ஏறத்தாழ பாதிக் கொலை வழக்குகள்தான் துலங்குகின்றன. திரையில் வருபவை பெரும்பாலும் அந்தத் துலங்கிய பாதியிலிருந்து பொறுக்கியவை.

எபிசோட் எழுதுபவருக்கு முடிவு முதலிலேயே தெரியும். ஆகவே முடிவுக்குக் கொண்டுபோகாத எதற்கும் அவர் கதையில் இடமில்லை. ஒரு துப்பு இன்னொரு துப்பைக் கைகாட்டும், அது அடுத்ததை. புலனாய்வு செய்பவருக்கோ நூறு துப்புகள் நூறு திசையில் கைகாட்டும், பெரும்பாலானவை முட்டுச்சந்து. அந்த முட்டுச்சந்துகளில் நடந்துதான் மாதங்கள் போகின்றன. கதவு தட்டுவது, போன் பதிவுகளை வரி வரியாகப் படிப்பது, ஆய்வக அறிக்கைக்குக் காத்திருப்பது, எல்லாவற்றையும் எழுதிவைப்பது. எழுதிவைப்பதுதான் இந்த வேலையில் பாதி. அதை யார் படமெடுப்பார்கள்?

கலிஃபோர்னியாவில் எழுபதுகளிலும் எண்பதுகளிலும் தொடர் கொலைகளும் பாலியல் வன்முறைகளும் செய்த 'கோல்டன் ஸ்டேட் கில்லர்' பிடிபட்டது 2018 ஏப்ரலில். கடைசியாக அவன் செய்ததாகத் தெரியும் கொலை 1986-இல். பழைய தடயத்தின் டி.என்.ஏ.வை வம்சாவளி தேடும் இணையதளத்தில் ஏற்றினார்கள். தூரத்துச் சொந்தக்காரர்கள் சிலர் கிடைத்தார்கள். அங்கிருந்து தலைமுறை தலைமுறையாகக் குடும்ப மரம் வரைந்து, வயதும் இடமும் பொருந்தாதவர்களை ஒவ்வொருவராக அடித்துக்கொண்டே வந்து, மிஞ்சிய பெயரைப் பிடித்தார்கள். அவன் முன்னாள் போலீஸ்காரன். கைது செய்யும் காட்சி ஒரு நிமிடம். மரம் வரைந்த மாதங்களுக்குத் திரையில் கிடைப்பது ஒரு வேகமான மாண்டாஜ், அதாவது துண்டுத் துண்டுக் காட்சிகளின் கோவை.

எடிட்டிங்கில் பொய் சொல்லாமலே ஏமாற்ற முடியுமா?

முடியும், தினமும் நடக்கிறது. எல்லோருக்கும் தெரிந்த உதாரணம் 2015-இல் அமெரிக்காவின் ஹெச்.பி.ஓ. சேனல் வெளியிட்ட ஆவணத்தொடர் 'தி ஜிங்க்ஸ்'. கொலைகள் தொடர்பாகச் சந்தேகிக்கப்பட்ட பணக்கார வாரிசு ராபர்ட் டர்ஸ்ட், பேட்டி முடிந்து கழிவறைக்குப் போகிறார். சட்டையில் மைக் கழற்றப்படவில்லை. தனக்குத்தானே முணுமுணுக்கிறார். தொடர் முடியும் இடத்தில் நமக்குக் கேட்பது: 'நான் என்னதான் செய்தேன்? எல்லோரையும் கொன்றேன், வேறென்ன.' உலகமே அதிர்ந்தது.

2019-இல் முழு எழுத்துப்படி வெளியே வந்தது. 'எல்லோரையும் கொன்றேன்' என்பது முன்னால் வருகிறது. அதற்குப் பிறகு தொடர்பில்லாத பல முணுமுணுப்புகள், ஏப்பம் பற்றிக்கூட ஒரு பேச்சு. 'நான் என்னதான் செய்தேன்' என்பது அதற்கப்புறம்தான். எடிட்டர்கள் பின்னதை முன்னால் எடுத்துவைத்து, கேள்வியும் பதிலும் ஆக்கிவிட்டார்கள். இரண்டு வாக்கியமும் அவர் வாயிலிருந்து வந்தவைதான். அடுத்தடுத்து வரவில்லை, அவ்வளவே. டர்ஸ்ட் மீது 2021-இல் கொலைக் குற்றம் நிரூபிக்கப்பட்டது. 2022-இல் சிறைக்காவலில் இறந்தார். 'அப்புறமென்ன, அவன்தானே செய்தான்' என்று சிலர் கேட்பார்கள். நாளைக்கு இதே கத்தரி, செய்யாத ஒருவரின் வாக்கியத்தின் மேல் வைக்கப்பட்டாலும் பார்க்கிற நமக்கு வித்தியாசம் தெரியாது என்பதுதான் என் கவலை.

துண்டுகளை ஒட்டி ஒரு வாக்கியம் செய்வதற்கு ரியாலிட்டி டிவிக்காரர்கள் 'ஃபிராங்கன்பைட்' என்று பெயரே வைத்திருக்கிறார்கள். கண்டுபிடிக்க எளிய வழி ஒன்று உண்டு. ஒருவர் பேசிக்கொண்டிருக்கும்போது, முக்கியமான வாக்கியம் வரும் நேரம் பார்த்து அவர் முகம் போய், ஒரு பழைய புகைப்படமோ மழை பெய்யும் சாலையோ வந்தால், அந்த இடத்தில் பேச்சு வெட்டப்பட்டிருக்க வாய்ப்பு உண்டு. ஹெட்போன் மாட்டிக்கொண்டு வரிக்கு நேரம் குறிக்கும்போது எனக்கு இது இன்னும் துல்லியமாகக் கேட்கும்: மூச்சை உள்ளே இழுக்கும் சத்தம் பாதியில் அறுந்திருக்கும். யாரும் அப்படி மூச்சு விட மாட்டார்கள்.

டி.என்.ஏ. கிடைத்துவிட்டால் வழக்கு முடிந்தது தானே?

டி.என்.ஏ. சொல்வது ஒன்றுதான்: இந்த உயிர்ப்பொருள் இன்னாருடையது. அது எப்போது வந்தது, எப்படி வந்தது, வந்தவர் என்ன செய்தார் என்பதையெல்லாம் அது சொல்லாது. தொடர்களில் இந்தக் கடைசி மூன்றையும் சேர்த்தே அதன் வாயில் போட்டுவிடுகிறார்கள்.

ஜெர்மனியில் 'ஹைல்பிரான் மாயாவி' என்று ஒருத்தியைப் பல ஆண்டுகள் தேடினார்கள். ஒரு பெண்ணின் டி.என்.ஏ. ஜெர்மனி, ஆஸ்திரியா, பிரான்ஸ் என்று ஏறத்தாழ 40 குற்ற இடங்களில் கிடைத்தது. கொலையும் உண்டு, சில்லறைத் திருட்டும் உண்டு. 2007-இல் ஹைல்பிரானில் ஒரு பெண் போலீஸ் அதிகாரி சுடப்பட்ட இடமும் அதில் ஒன்று. துப்புக்கு 3,00,000 யூரோ பரிசு அறிவித்தார்கள். 2009-இல் உண்மை தெரிந்தது. தடயம் ஒற்றியெடுக்கும் பஞ்சுக்குச்சிகளைத் தயாரிக்கும் வேலையில் இருந்த ஒரு பெண்ணின் டி.என்.ஏ. அது. குச்சியைக் கிருமிநீக்கம் செய்திருந்தார்கள். கிருமி சாகும், டி.என்.ஏ. போகாது.

கலிஃபோர்னியாவில் 2012-இல் இன்னொன்று. கொலையானவரின் நகத்தடியில் ஒரு வீடற்றவரின் டி.என்.ஏ. இருந்தது. அவரைச் சில மாதங்கள் சிறையில் வைத்தார்கள். கொலை நடந்த இரவில் அவர் அளவுமீறிய போதையில் மருத்துவமனையில் படுத்திருந்தார் என்பதை அவரது வழக்கறிஞர் மருத்துவப் பதிவேட்டிலிருந்து எடுத்துக்காட்டினார். அவரைத் தூக்கிப்போன அதே ஆம்புலன்ஸ் ஊழியர்கள்தான் சில மணி நேரம் கழித்துக் கொலை நடந்த வீட்டுக்கும் போயிருக்கிறார்கள்.

டி.என்.ஏ. முதன்முதலில் ஒரு கொலைகாரனைச் சிக்கவைத்த வழக்கே இதற்கெல்லாம் நல்ல பாடம். இங்கிலாந்தின் லெஸ்டர்ஷையரில் 1983-இலும் 1986-இலும் இரண்டு சிறுமிகள் கொல்லப்பட்டார்கள். 17 வயதுப் பையன் ஒருவன் இரண்டாவது கொலையை ஒப்புக்கொண்டான். 1984-இல் டி.என்.ஏ. அடையாள முறையைக் கண்டுபிடித்திருந்த அலெக் ஜெஃப்ரிஸ் சோதித்துச் சொன்னார்: இரண்டையும் செய்தது ஒரே ஆள், ஆனால் இந்தப் பையன் இல்லை. ஆக, அந்தப் புதிய விஞ்ஞானம் முதலில் செய்த வேலை ஒருவனைக் காப்பாற்றியது. பிறகு அக்கம்பக்கத்து ஆண்கள் ஏறத்தாழ 5,000 பேரிடம் மாதிரி எடுத்தார்கள். ஒருவரும் பொருந்தவில்லை. காலின் பிட்ச்ஃபோர்க் என்பவன் தன்னோடு வேலை பார்த்தவனைத் தன் பெயரில் போய் ரத்தம் கொடுக்க வைத்திருந்தான். அந்த நண்பன் ஒரு பப்பில் இதை உளற, கேட்டுக்கொண்டிருந்த பெண்மணி ஒருவர் போலீஸுக்குத் தகவல் சொன்னார். 1988-இல் பிட்ச்ஃபோர்க்குக்கு ஆயுள் தண்டனை. ஆய்வகம் வலை பின்னியது. மீனைக் காட்டிக்கொடுத்தது ஊர்வாய்.

கைரேகையைக் கணினியில் போட்டதும் படம் படமாக ஓடி, ஆள் முகம் வந்து நிற்குமே?

நிற்காது. கணினி ஒத்திருக்கக்கூடிய சிலரின் பட்டியலைத் தரும். நிபுணர் ஒவ்வொன்றையும் கண்ணால் ஒப்பிட வேண்டும். கண் தவறும். 2004 மாட்ரிட் ரயில் குண்டுவெடிப்பில் கிடைத்த ஒரு ரேகையை அமெரிக்காவின் ஒரேகான் மாநில வழக்கறிஞர் ஒருவருடையது என்று எஃப்.பி.ஐ. நிபுணர்கள் உறுதியாகச் சொன்னார்கள். அவர் கைதானார். ஸ்பெயின் போலீஸ் அதை முதலிலிருந்தே சந்தேகித்து, கடைசியில் ரேகை அல்ஜீரியாக்காரர் ஒருவருடையது என்று கண்டது. எஃப்.பி.ஐ. மன்னிப்புக் கேட்டது.

ஆய்வகக் காட்சிகளில் வேறு எவையெல்லாம் கதை?

மங்கலான கேமராப் படத்தைப் பெரிதாக்கி நம்பர் பிளேட்டைப் படிப்பது. பதிவாகாத புள்ளியை எந்தக் கணினியும் திரும்பக் கொண்டுவராது. இன்றைய மென்பொருள்கள் கொண்டுவருவது ஊகம். ரத்தக்கறையைக் காட்டும் லூமினால் ரசாயனம் தெளித்த அறை நிதானமாக நீல ஒளியில் மின்னிக்கொண்டிருப்பதும் அப்படித்தான். நிஜத்தில் இருட்டில் அரை நிமிடம் ஒளிர்ந்து மங்கிவிடும். ரத்தத்துக்கு மட்டுமின்றி ப்ளீச்சுக்கும் ஒளிரும். மருத்துவர் பிணத்தைத் தொட்டுப் பார்த்து 'இரவு ஒன்பதிலிருந்து ஒன்பதரைக்குள்' என்பது. உடல் சூடும் விறைப்பும் அறையின் வெப்பம், உடல் பருமன், போட்டிருந்த துணி எல்லாவற்றையும் பொறுத்து மாறும் என்பதால், நேர்மையான மருத்துவர் சொல்வது சில மணி நேரம் அகலமான ஒரு இடைவெளிதான். பிணத்தைச் சுற்றிச் சாக்பீஸ் கோடு வேறு. தடயத்தின் மேல் சுண்ணாம்புத் தூளைத் தூவ எந்தத் தடயவியல்காரர் சம்மதிப்பார்?

இவையாவது சினிமாத்தனம் என்று விடலாம். ஒரு காலத்தில் நீதிமன்றமே நம்பியவை சில இருக்கின்றன. மயிரிழையை நுண்ணோக்கியில் ஒப்பிட்டு ஆள் சொல்லும் முறையைத் திருப்பிப் பார்த்தபோது, எஃப்.பி.ஐ.யின் 28 நிபுணர்களில் 26 பேர் சாட்சியத்தில் மிகைப்படுத்தியிருந்தது தெரிந்ததாக 2015-இல் அறிவித்தார்கள். கடித்த தடத்தை வைத்துப் பல்லுக்குரியவரைச் சொல்வதும் இப்படிச் சரிந்ததுதான். 2009-இல் அமெரிக்கத் தேசிய அறிவியல் கழகத்தின் அறிக்கை, டி.என்.ஏ.வைத் தவிர வேறெந்தத் தடயமுறையும் ஒரு தனி ஆளோடு உறுதியாக இணைக்கும் திறனைக் கடுமையான சோதனையில் நிரூபிக்கவில்லை என்று எழுதியது. பழைய எபிசோடுகளை மறுஒளிபரப்பும்போது இந்தச் செய்தியை யாரும் அடியில் ஓடவிடுவதில்லை.

செய்யாத கொலையை ஒருவர் ஏன் ஒப்புக்கொள்ள வேண்டும்?

அந்த அறையை விட்டு வெளியே போவதற்காக. இதுதான் முக்கால்வாசிப் பதில். தூக்கமில்லை, பல மணி நேரக் கேள்விகள், 'உன் கைரேகை கிடைத்துவிட்டது' என்ற பொய் (அமெரிக்காவின் பெரும்பாலான இடங்களில் வயதுவந்தவரிடம் போலீஸ் இப்படிப் பொய் சொல்வது சட்டவிரோதமில்லை), 'ஒத்துக்கொண்டால் வீட்டுக்குப் போகலாம்' என்பது போன்ற ஜாடை. வயது குறைந்தவரும் மனவளர்ச்சி குன்றியவரும் சீக்கிரம் உடைவார்கள். அமெரிக்காவில் 1989 முதல் 2020 வரை டி.என்.ஏ. சோதனையால் நிரபராதிகள் என்று தெரிந்த 375 பேரின் வழக்குகளை, தவறாகத் தண்டிக்கப்பட்டவர்களுக்காகப் போராடும் 'இன்னசென்ஸ் ப்ராஜெக்ட்' அமைப்பு தொகுத்திருக்கிறது. அதில் ஏறத்தாழ 29 சதவீதத்தில் பொய்யான ஒப்புதல் இருக்கிறது. கண்ணால் கண்ட சாட்சி ஆளை மாற்றிக் காட்டியது 69 சதவீதம்.

1989-இல் நியூயார்க் சென்ட்ரல் பார்க்கில் ஒரு பெண் தாக்கப்பட்ட வழக்கில் ஐந்து பையன்கள் தண்டிக்கப்பட்டார்கள். அவர்களில் நான்கு பேரின் ஒப்புதல் வீடியோவில் இருந்தது. வீடியோவுக்கு முன்னால் நடந்த மணிக்கணக்கான விசாரணை பதிவாகவில்லை. 2002-இல் வேறொருவன் குற்றத்தை ஏற்றான், டி.என்.ஏ.வும் அவனோடு பொருந்தியது, தீர்ப்புகள் ரத்தாயின. எந்தத் தொடரிலாவது ஒப்புதல் வீடியோவைக் காட்டினால் நான் முதலில் தேடுவது திரையின் மூலையில் இருக்கும் நேரத்தைத்தான். ஆள் எத்தனை மணிக்கு உள்ளே போனார், கேமரா எத்தனை மணிக்கு ஓட ஆரம்பித்தது?

துப்பறிவாளர் மேஜையைக் குத்தி உண்மையைக் கக்கவைப்பது நமக்கு வீரமாகக் காட்டப்படுகிறது. பிரிட்டன் தொண்ணூறுகளின் தொடக்கத்திலேயே, ஒப்புதல் வாங்குவதை விட்டுத் தகவல் வாங்கும் நேர்காணல் முறைக்கு மாறிவிட்டது. பொறுமையாகக் கேட்பது, முழுக்கப் பதிவு செய்வது, பின்னர் முரண்களை வைத்து மறுபடி கேட்பது. பார்க்கச் சப்பென்று இருக்கும்.

'சி.எஸ்.ஐ. விளைவு' என்கிறார்களே, உண்மையில் இருக்கிறதா?

2000-இல் தொடங்கிய 'சி.எஸ்.ஐ.' என்ற தடயவியல் நாடகத்தொடரைப் பார்த்துவிட்டு வரும் ஜூரிகள் (வழக்கில் முடிவு சொல்ல அழைக்கப்படும் பொதுமக்கள்), விஞ்ஞானத் தடயம் இல்லையென்றால் குற்றவாளியை விட்டுவிடுகிறார்கள் என்பது அரசுத்தரப்பு வக்கீல்களின் புலம்பல். மிச்சிகனில் ஒரு நீதிபதி இதைச் சோதிக்க, ஜூரியாக அழைக்கப்பட்ட ஏறத்தாழ 1,000 பேரிடம் கேள்வித்தாள் கொடுத்தார்.  எல்லாக் குற்ற வழக்கிலும் ஏதாவதொரு விஞ்ஞானத் தடயம் எதிர்பார்ப்பதாக 46 சதவீதம் பேர் சொன்னார்கள். டி.என்.ஏ.வே வேண்டும் என்றவர்கள் 22 சதவீதம். தொடர் பார்ப்பவர்களுக்கு எதிர்பார்ப்பு கூடுதல்தான். ஆனால் அதனால் தீர்ப்பு மாறும் என்பதற்குப் பெரிதாக ஆதாரம் கிடைக்கவில்லை. கையில் கம்ப்யூட்டரோடு திரியும் காலத்தில் விஞ்ஞானத்தை எதிர்பார்ப்பது பொதுவாகவே வந்த மாற்றம் என்று அந்த நீதிபதி விளக்கினார். எனக்கும் அது சரியாகப் படுகிறது. சாட்சியத்தை இன்னும் கொஞ்சம் கேட்கிற ஜூரி என்ன மோசம்?

சந்தேக நபர், குற்றம் சாட்டப்பட்டவர், குற்றவாளி எல்லாம் ஒன்றுதானே?

என் தொழிலில் நான் சண்டை போடும் ஒரே விஷயம் இது. போலீஸ் யாரையாவது நினைக்கிறது என்றால் சந்தேக நபர். வழக்குப் பதிந்து நீதிமன்றம் போனால் குற்றம் சாட்டப்பட்டவர். தீர்ப்பு வந்தபின்தான் குற்றவாளி. மூன்றுக்கும் நடுவில் ஆண்டுகள் இருக்கும், சில சமயம் விடுதலையும் இருக்கும். நம் பேச்சிலோ கைதான அன்றே 'குற்றவாளி பிடிபட்டான்'.

சப்டைட்டிலில் சிக்கல் இன்னும் கூடுகிறது. மூலத்தில் 'கொன்றதாகக் கூறப்படும்' என்பது ஒரே சொல்லாக வந்துபோகும். தமிழில் அது பாதி வரியைத் தின்னும். திரையில் இரண்டு வரிதான் இடம், அதுவும் இரண்டு மூன்று நொடி. 'மனைவியைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்டிருக்கும் அவர்' என்று எழுதினால் 'நீளம், சுருக்கு' என்று குறிப்பு வரும். சுருக்கினால் என்ன ஆகும்? 'மனைவியைக் கொன்ற அவர்.' ஒருமுறை நான் விடுப்பிலிருந்தபோது என் வரிகளை வேறொருவர் சுருக்கிவிட்டார். பிறகு பார்த்தேன், ஒரு எபிசோட் முழுக்க எல்லா 'கூறப்படும்'களும் காணோம். அந்த எபிசோடின் ஆள் கடைசியில் விடுதலையானவர்.

மரியாதை விகுதி இன்னொரு தலைவலி. மூலத்தில் ஒரே 'ஹீ'. தமிழில் அவனா, அவரா? முதல் காட்சியில் 'அவன்' போட்டால் நானே தீர்ப்பு எழுதியாகிவிட்டது. கதை முடிவதற்குள் பார்ப்பவருக்கு விடை தெரிந்துவிடும். தீர்ப்பு வரும்வரை 'அவர்' என்று ஒரு விதி வைத்திருக்கிறேன். மேலே பிட்ச்ஃபோர்க்கை 'அவன்' என்றதும், டர்ஸ்டை 'அவர்' என்றதும் கவனித்திருப்பீர்கள். டர்ஸ்ட் கதையில் நான் சொல்லிக்கொண்டிருந்தது தீர்ப்புக்கு முன்னால் நடந்தது.

'பெர்சன் ஆஃப் இன்ட்ரெஸ்ட்' என்று ஒன்று வரும். போலீஸ் பேச்சில் புழங்குவது. சட்டத்தில் திட்டமான பொருள் கிடையாது. 'விசாரிக்க விரும்பும் நபர்' என்று எழுதுகிறேன்.

பார்ப்பவர்களே துப்பு துலக்குவது தப்பா?

கேட்டதற்குத் தகவல் தருவது வேறு, தானே ஆளைக் காட்டுவது வேறு. 'அமெரிக்காஸ் மோஸ்ட் வான்டட்' முதல் எபிசோட் 1988 பிப்ரவரியில் ஒளிபரப்பாகி நான்கு நாளில், அதில் காட்டிய தப்பியோடிய கைதி பிடிபட்டான். பார்த்தவர்கள் போன் செய்தார்கள், சரிபார்த்தது போலீஸ்.

2013 பாஸ்டன் மாரத்தான் குண்டுவெடிப்பில் ரெடிட் என்ற இணைய அரட்டைத் தளத்துக்காரர்கள் படங்களை ஒப்பிட்டு, காணாமல் போயிருந்த ஒரு மாணவர்தான் என்று முடிவு கட்டினார்கள். அவருக்குச் சம்பந்தமே இல்லை. மகனைத் தேடிக்கொண்டிருந்த குடும்பத்துக்கு வசைகளும் மிரட்டல்களும் போயின. பிறகுதான் அந்த மாணவர் இறந்து கிடப்பது தெரிந்தது. ரெடிட் மன்னிப்புக் கேட்டது. 2022-இல் ஐடஹோவில் நான்கு மாணவர்கள் கொல்லப்பட்டபோது, டிக்டாக்கில் ஒருவர் ஒரு பேராசிரியைதான் காரணம் என்று வீடியோ வீடியோவாகப் போட்டார். பேராசிரியை அவதூறு வழக்குத் தொடுத்தார், நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. கொலையை 2025-இல் ஒப்புக்கொண்டவன் வேறொருவன்.

இவர்கள் கெட்டவர்கள் என்று நான் நினைக்கவில்லை. பத்து வருடமாக எபிசோடுகள் பழக்கியதைச் செய்கிறார்கள்: திரையில் முகம் காட்டப்பட்ட ஐந்து பேருக்குள் ஒருவர்தான் குற்றவாளி. நிஜத்தில் அவன் அந்த ஐந்து பேரில் இல்லாமலே இருக்கலாம்.

கேமரா கூடவே போனால் போலீஸ் நடந்துகொள்ளும் விதம் மாறுமா?

மாறியதா என்பதை ஒவ்வொரு வழக்கிலும் நிரூபிப்பது கடினம். 2010-இல் டெட்ராய்ட்டில் போலீஸோடு கூடவே போய்ப் படமெடுக்கும் 'தி ஃபர்ஸ்ட் 48' தொடரின் குழு படமெடுத்துக்கொண்டிருந்தபோது, ஒரு வீட்டுக்குள் ஒளிக்குண்டு வீசிப் போலீஸ் புகுந்தது. சோபாவில் படுத்திருந்த ஏழு வயதுச் சிறுமி போலீஸ் துப்பாக்கிக் குண்டு பட்டு இறந்தாள். கேமராவுக்காகத்தான் அவ்வளவு ஆர்ப்பாட்டமா என்ற கேள்வி எழுந்தது. நகர மேயர், படக்குழுக்கள் போலீஸோடு போவதைத் தடை செய்தார். சுட்ட அதிகாரி மீதான வழக்கில் இரண்டு முறையும் ஜூரி ஒருமித்த முடிவுக்கு வரவில்லை. 2015-இல் வழக்கு கைவிடப்பட்டது.

பிரேசிலின் மனாஸ் நகரத்தில் வாலஸ் சோசா என்ற க்ரைம் நிகழ்ச்சித் தொகுப்பாளரின் குழு, கொலை நடந்த இடத்துக்குச் சந்தேகப்படும் வேகத்தில் போய்ச் சேர்ந்துகொண்டிருந்தது. ரேட்டிங்குக்காக அவரே கொலைகளை ஏற்பாடு செய்தார் என்று 2009-இல் குற்றச்சாட்டு. அவர் மறுத்தார். தீர்ப்பு வருமுன் 2010-இல் இறந்துவிட்டார். ஆகவே 'அவர்'.

பாதிக்கப்பட்ட குடும்பத்திடம் அனுமதி வாங்க வேண்டாமா?

அமெரிக்கச் சட்டப்படி பெரும்பாலும் வேண்டாம். வழக்கு ஆவணம் பொதுச்சொத்து. தொடர் கொலைகாரன் ஜெஃப்ரி டாமர் பற்றி 2022-இல் நெட்ஃப்ளிக்ஸ் நாடகத்தொடர் வந்தபோது, கொல்லப்பட்டவர் ஒருவரின் சகோதரி தன் நீதிமன்றக் கதறலையே நடிகை ஒருவர் அச்சு அசலாக நடித்திருப்பதைப் பார்க்க நேர்ந்ததாகவும், தன்னிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்றும் சொன்னார்.

எந்தக் குடும்பத்தின் கதை எடுக்கப்படுகிறது என்பதிலும் ஓரவஞ்சனை உண்டு. காணாமல் போன இளம் வெள்ளையினப் பெண்ணுக்குக் கிடைக்கும் கவனம் மற்றவர்களுக்குக் கிடைப்பதில்லை என்பதை, பத்திரிகையாளர் க்வென் ஐஃபில் 2004-இல் 'மிஸ்ஸிங் வொயிட் வுமன் சிண்ட்ரோம்' என்று பெயர் சூட்டியே குத்திக்காட்டினார்.

பெண்கள்தான் அதிகம் பார்க்கிறார்களாமே?

ஆமாம். புத்தகங்களை வைத்து இலினாய் பல்கலைக்கழகத்தில் செய்து 2010-இல் வெளியான ஆய்வும் அதையே சொன்னது. தப்பிப்பது எப்படி என்ற தகவல் இருந்தால் பெண்களுக்கு ஈர்ப்பு இன்னும் கூடுகிறது என்று கண்டார்கள். 'பொம்பளைங்களுக்கு இதுல என்ன ஆசை' என்று கேட்பவர்கள் அந்தக் காரணத்தைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

இந்த வகையால் நல்லதே நடந்ததில்லையா?

நடந்திருக்கிறது. 1976-இல் அமெரிக்காவின் டாலஸ் நகரத்தில் ஒரு போலீஸ்காரர் சுட்டுக் கொல்லப்பட்டார். அதைச் செய்ததாக ராண்டால் டேல் ஆடம்ஸ் என்பவருக்கு மரண தண்டனை விதித்து, பிறகு ஆயுளாகக் குறைத்தார்கள். அந்த வழக்கைக் கிளறிய எரல் மோரிஸின் ஆவணப்படம் 'தி தின் புளூ லைன்' 1988-இல் வந்தது. அடுத்த ஆண்டு ஆடம்ஸ் வெளியே வந்தார். அந்தப் படம் நடித்துக் காட்டும் காட்சிகளைப் பயன்படுத்திய விதத்தை இன்றைய தொடர்கள் திருடவே இல்லை என்பது எனக்கு ஆற்றாமை. ஒரே கொலையை ஒவ்வொரு சாட்சி சொன்னபடியும் தனித்தனியாக நடித்துக் காட்டுவார்கள். கார் மாறும், ஆள் மாறுவார். 'இப்படி நடந்தது' என்று எந்தக் காட்சியும் அடித்துச் சொல்லாது. எத்தனை சாட்சியோ அத்தனை கொலை. இன்று நாம் பார்ப்பவற்றில் மெதுவாகத் திறக்கும் கதவு ஒன்றே ஒன்று, அதுதான் உண்மை.

முக்கியச் சாட்சியாக இருந்தவரின் கடைசிப் பேட்டி நடந்த அன்று மோரிஸின் கேமரா பழுதாகிவிட்டது. கையிலிருந்த டேப் ரெக்கார்டரில் குரலை மட்டும் பதிந்தார். ஆகவே படத்தின் உச்சக்கட்டத்தில், ஆடம்ஸ் நிரபராதி என்பதைக் கிட்டத்தட்ட ஒப்புக்கொள்ளும் அந்தக் குரல் ஓடும்போது, திரையில் இருப்பது சுற்றிக்கொண்டிருக்கும் ஒரு டேப் ரெக்கார்டர் மட்டுமே. இசைக்கும் மழைக்கும் சிவப்பு விளக்குக்கும் மெனக்கெடும் இயக்குநர்களுக்கு இதை அனுப்பி வைக்கலாம்.

கடைசியில் கறுப்புத் திரையில் வரும் எழுத்துகளைப் படிக்க வேண்டுமா?

தொடரில் வேறெதையும் விட்டாலும் அதை விடாதீர்கள். 'மேல்முறையீடு நிலுவையில் உள்ளது', 'அவர் குற்றச்சாட்டை மறுக்கிறார்', 'பேட்டிக்கு அழைத்தோம், பதில் இல்லை' எல்லாம் அங்கேதான் கிடக்கும். பத்து மணி நேரம் சொல்லாததை நான்கு நொடியில் சொல்லியிருப்பார்கள், அதற்குள் அடுத்த எபிசோடின் பொத்தான் வந்து மறைத்துவிடும். எங்களுக்கு அந்த அட்டைகள் தனிக் கோப்பாக, எல்லாவற்றுக்கும் கடைசியில் வரும். வெளியான பிறகும் சில திருத்தப்பட்டு வருவதுண்டு. போன மாதம் ஒன்று வந்தது, ஒரே வரி: 'தண்டனை ரத்து செய்யப்பட்டது.' எபிசோடில் வேறெதுவும் மாறவில்லை.